ஒப்பந்தமும் ஒப்புதலும்

ஜொகூர் பாருவிலிருந்து சிங்கப்பூருக்குக் கடற்பாலத்தின் வழியே செல்வோர் எவரும் அப்பாலத்தை ஒட்டிக் கிடக்கும் பெருங்குழாய்களைக் காணாதிருக்க இயலாது. 1924-ஆம் ஆண்டு ஜூன் 28-ஆம் நாள் முறைப்படி திறக்கப்பெற்ற பாலம் அது. விடியற்காலையில் வேலைக்கு விரையும் மோட்டார் சைக்கிள் கூட்டம் அக்குழாய்களைத் திரும்பிப் பார்ப்பதில்லை. பழகிய பொருளைப் பார்ப்பவர் யார்? ஆனால் அவற்றின் வழியே தென்கரைக்குச் செல்லும் தண்ணீருக்குப் பின்னால் ஓர் உடன்படிக்கை நிற்கிறது. ஆயிரம் கேலன் நீருக்கு மூன்று காசு என்பது அதில் கண்ட விலை. எழுதப்பெற்றது 1962-இல், செல்லுபடியாவது 2061 வரை. இந்த வாக்கைக் கொடுத்தவர் யார், யார் பெயரால் கொடுத்தார், கொடுக்கும் உரிமையை அவருக்கு அளித்தது எது என்று ஒரு மாணவன் கேட்பானாயின், அரசியலமைப்புச் சட்டத்தின் மிகக் கடினமான பகுதிக்குள் அவன் தன்னை அறியாமலேயே நுழைந்துவிடுகிறான்.

தமிழில் ஒப்பந்தம், உடன்படிக்கை, உடன்பாடு என்று பல சொற்கள் வழங்குகின்றன. வழக்கில் இவை ஒன்றன் இடத்தில் மற்றொன்று வந்து நிற்கும். சட்ட நூலார்க்கோ இவை வேறு வேறு. இரு நாடுகள் தமக்குள் எழுதிக் கொள்வது ஒன்று. ஓர் அரசின் நிருவாகத் தலைவர்கள் சட்டமன்றத்தின் இசைவை நாடாமல் தம் பொறுப்பிலேயே செய்து கொள்வது மற்றொன்று. கடைக்காரரும் வாடிக்கையாளரும் செய்து கொள்வது போன்ற வணிக ஒப்பந்தம் வேறொன்று. ஒப்பந்தம் என்னும் சொல்லிலும் ஒப்புதல் என்னும் சொல்லிலும் இருப்பது ஒரே வேர். மனம் ஒப்பாத இடத்தில் கை ஒப்புமாயின் அது என்ன ஒப்பந்தம் என்று தமிழாசிரியர் ஒருவர் இலக்கணம் காட்டிக் கேட்கலாம். ஆனால் யாருடைய மனம் ஒப்ப வேண்டும் என்பதில்தான் சிக்கல் தொடங்குகிறது.

முடியரசுக் காலத்தில் இவ்வினாவிற்கு இடமில்லை. அதியமானுக்காக ஔவையார் தொண்டைமானிடம் தூது சென்ற செய்தியைப் புறநானூற்றால் அறிகிறோம். தூது சென்றவர் புலவர், சொல் அரசனுடையது. வள்ளுவரும் தூதுக்கெனத் தனி அதிகாரமே வகுத்துத் தூதுவனின் இலக்கணம் கூறினார். அரசன் குடிகளைக் கேட்டே பிற நாட்டோடு உடன்பாடு செய்ய வேண்டும் என்னும் விதியை அங்கே தேட வேண்டியதில்லை. அரசனே நாடாக இருந்த காலம் அது.

ஜொகூரின் வரலாறு இம்முறையின் வலியை நன்கு அறிந்த வரலாறு. 1824-ஆம் ஆண்டு மார்ச் 17-ஆம் நாள் இலண்டனில் ஆங்கிலேயரும் டச்சுக்காரரும் ஓர் உடன்படிக்கை செய்தனர். ஜொகூர்-ரியாவ் பேரரசு அந்த ஒரு தாளால் இரு கூறாயிற்று. நீரிணையின் வடபால் ஆங்கிலேயர் செல்வாக்கிற்கும், தென்பாலுள்ள தீவுகள் டச்சுக்காரர் செல்வாக்கிற்கும் உரியனவாயின. அந்த மண்ணுக்குரிய சுல்தானையோ தெமங்கோங்கையோ அங்கு எவரும் கலந்து கொள்ளவில்லை. அதே ஆண்டு ஆகஸ்டு 2-ஆம் நாள் கிராபர்டு என்னும் ஆங்கில அதிகாரி சுல்தான் ஹுசேனோடும் தெமங்கோங் அப்துல் ரஹ்மானோடும் வேறோர் உடன்படிக்கை செய்தார். சிங்கப்பூர் தீவும் அதனைச் சூழ்ந்த பத்து மைல் எல்லைக்குட்பட்ட கடலும் தீவுகளும் கும்பினியார்க்கு அறவே உரிமையாயின. சுல்தானுக்கு 33,200 ஸ்பானிய வெள்ளியும் மாதந்தோறும் 1,300 வெள்ளியும் கிடைத்தன. தெமங்கோங்கிற்கு 26,800 வெள்ளியும் மாதந்தோறும் 700 வெள்ளியும் கிடைத்தன. இரண்டாவது உடன்படிக்கையில் கையொப்பமிட்டவர்கள் உரியவர்கள் தாம். ஆனால் முதல் உடன்படிக்கை அவர்கள் நிலையை முன்னமே முடிவு செய்துவிட்டது.

1885 டிசம்பர் 11-ஆம் நாள் செய்த உடன்படிக்கையின் வழியாக அபு பக்கர் ஜொகூரின் சுல்தான் என ஆங்கில அரசால் ஏற்கப்பெற்றார்; ஜொகூரின் வெளியுறவு ஆங்கிலேயர் கைக்குச் சென்றது. பிற நாட்டோடு தாமே உடன்படிக்கை செய்யும் உரிமையை விட்டுக் கொடுத்த அரசர் இறையாண்மை உடையவர்தாமா? இந்த வினா இலண்டன் நீதிமன்றத்திலேயே எழுந்தது. சுல்தான் அபு பக்கர் மீது இங்கிலாந்தில் ஒரு தனிப்பட்ட வழக்குத் தொடரப்பெற்றது. வழக்கின் பொருள் ஈண்டு வேண்டியதன்று. அவர் இறையாண்மை மிக்க அரசர் என்று குடியேற்ற நாட்டு அமைச்சகம் எழுதிக் கொடுத்தது. அதுவே முடிந்த முடிபு என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்றது. உடன்படிக்கை செய்யும் உரிமையைத் தாமே கட்டுப்படுத்திக் கொண்டதால் இறையாண்மை போய்விடவில்லை என்பது தீர்ப்பின் கருத்து. சட்டக் கல்லூரி மாணவர் இன்றும் அவ்வழக்கைப் படிக்கின்றனர்.

அபு பக்கர் அதனோடு நின்றாரில்லை. 1895 ஏப்ரல் 14-ஆம் நாள் ஜொகூருக்கு எழுத்து வடிவில் ஓர் அரசியலமைப்பை வழங்கினார். மலாய் மாநிலங்களில் இதுவே முதலாவது. அதில் குறிக்கத்தக்க விதி ஒன்று உண்டு: நாட்டையோ நாட்டின் ஒரு பகுதியையோ எந்த ஐரோப்பிய அரசுக்கும் வேறெந்த நாட்டிற்கும் ஆட்சியாளர் ஒப்படைக்கலாகாது, ஒப்படைப்பதற்கான உடன்பாடும் செய்யலாகாது. தம் பின்வரும் அரசர்களின் கையொப்பத்திற்கே ஓர் அரசர் எல்லை வகுத்தார். முடியரசும் சட்டத்திற்கு உட்பட்டதாகலாம் என்பதற்கு இந்த ஒரு விதியே போதிய சான்றாகும். பாடநூல்கள் இதனை ஒரு வரியில் சொல்லிக் கடந்து போவது வருந்தத்தக்கது.

ஐம்பதாண்டு கழிந்து அவ்விதி உயிர்பெற்று எழுந்தது. சப்பானியர் ஆட்சி முடிந்தபின் ஆங்கில அரசின் தூதராகச் சர் ஹெரால்டு மக்மைக்கேல் வந்தார். 1945 அக்டோபர் 20-ஆம் நாள் சுல்தான் இப்ராகிம் அவர் கொணர்ந்த உடன்படிக்கையில் கையொப்பமிட்டார். ஜொகூரில் முழு அதிகாரமும் ஆங்கில முடியரசுக்கு உண்டு என்பது அதன் சாரம். மலாயா யூனியன் என்னும் அமைப்பு அதன்மேல் எழுப்பப்பெற்றது. செய்தி பரவியதும் ஜொகூர் மலாய் மக்கள் 1895-ஆம் ஆண்டு அரசியலமைப்பைக் கையிலெடுத்தனர். மாநில மன்றத்தைக் கலந்து கொள்ளாது இடப்பட்ட கையொப்பம் நாட்டை ஒப்படைக்கலாகாது என்னும் விதிக்கு முரணானது என்றனர். டத்தோ ஓன் ஜாபார் தலைமையில் நாடெங்கும் எழுந்த எதிர்ப்பின் விளைவாக, 1946 ஏப்ரல் 1-ஆம் நாள் பிறந்த மலாயா யூனியன் 1948 பிப்ரவரி 1-ஆம் நாள் மறைந்து, மலாயாக் கூட்டரசு தோன்றியது. நீதிமன்றம் எதுவும் அந்த உடன்படிக்கையைச் செல்லாது என்று தீர்ப்பளிக்கவில்லை. தாளின்மேல் அது செல்லுபடியாகவே இருந்தது. மக்கள் ஒப்பாமையால் வீழ்ந்தது.

1957-இல் விடுதலை பெற்ற நாட்டின் கூட்டரசு அரசியலமைப்பு இப்பொருளை எங்ஙனம் வகுத்தது? வியப்பென்னவெனில், உடன்படிக்கை எவ்வாறு செய்யப்பட வேண்டும் என்று அது தனியாக ஒரு பிரிவிலும் விளக்கவில்லை. ஒன்பதாம் அட்டவணையிலுள்ள கூட்டரசுப் பட்டியலின் முதல் இனமே வெளியுறவு. பிற நாடுகளோடு செய்யும் உடன்படிக்கைகளும் அவற்றை நிறைவேற்றுவதும் அதில் அடங்கும். நாடாளுமன்றம் சட்டமியற்றக்கூடிய பொருள் எதுவோ அதுவரை கூட்டரசின் நிருவாக அதிகாரமும் செல்லும் என்பது 80-ஆம் பிரிவு. அந்நிருவாக அதிகாரம் மாமன்னரிடம் உள்ளது. அதனை அமைச்சரவை செயற்படுத்தும் என்பது 39-ஆம் பிரிவு. இம்மூன்றையும் சேர்த்துப் படித்தால் கிடைக்கும் விடை இது: உடன்படிக்கை செய்வது அமைச்சரவையின் வேலை. அதிகாரிகள் பேசுகின்றனர், சட்டத்துறைத் தலைவர் அலுவலகம் வாசகத்தை ஆராய்கின்றது, அமைச்சரவை இசைகின்றது, அதிகாரம் பெற்றவர் கையொப்பமிடுகின்றார், தேவையாயின் பின்னர் ஏற்புறுதி ஆவணம் அனுப்பப்படுகின்றது. இவ்வளவிலும் நாடாளுமன்றம் வாய் திறக்க வேண்டிய கட்டாயம் இல்லை.

நாடாளுமன்றம் வருவது அதற்குப் பின்னர்தான். அமைச்சரவை பிற நாட்டிற்குக் கொடுத்த வாக்கு அந்நாட்டோடு இந்நாட்டைப் பிணிக்கும். ஆனால் உள்நாட்டுக் குடிமகனின் உரிமையையோ கடமையையோ மாற்றாது. மாற்ற வேண்டுமாயின் சட்டம் வேண்டும். அந்தச் சட்டம் மாநிலங்களுக்குரிய பொருளைத் தொடுமாயின்? 76-ஆம் பிரிவு அதற்கு வழிகூறுகிறது. உடன்படிக்கையை நிறைவேற்றுதற்பொருட்டு மாநிலப் பட்டியலிலுள்ள பொருள் பற்றியும் நாடாளுமன்றம் சட்டமியற்றலாம். ஆனால் இசுலாமியச் சட்டம், மலாய் மரபு ஆகியவற்றைத் தொடலாகாது. தொடர்புடைய மாநில அரசைக் கலந்து கொள்ளுமுன் மசோதாவை அவையில் கொண்டு வருதலும் ஆகாது. கலந்து கொள்வது என்பதும் இசைவு பெறுவது என்பதும் ஒன்றல்ல. மாநிலம் வேண்டாம் என்று சொல்லியும் சட்டம் நிறைவேறலாம். ஆனால் கேளாமலே நிறைவேற்ற முடியாது. இந்தியாவின் 253-ஆம் பிரிவோடு இதனை ஒப்பிட்டுக் காண்பது நன்று. அங்கே மாநிலத்திற்குரிய பொருளில் உடன்படிக்கைக்காகச் சட்டமியற்றும் நாடாளுமன்றம் மாநிலத்தை ஒரு சொல்லும் கேட்க வேண்டியதில்லை.

கேளாமை பற்றிய வழக்கு இந்நாட்டில் மிக முன்னதாகவே வந்துவிட்டது. மலேசிய ஒப்பந்தம் 1963 ஜூலை 9-ஆம் நாள் இலண்டனில் கையொப்பமாயிற்று. கிளந்தான் மாநில அரசு செப்டம்பர் மாதத்தில் நீதிமன்றத்தை அணுகியது. கிளந்தானைக் கேளாது செய்த ஒப்பந்தமும் அதற்காக இயற்றிய சட்டமும் தன்னைக் கட்டுப்படுத்தா என்பது அதன் வாதம். தலைமை நீதிபதி ஜேம்ஸ் தாம்சன் செப்டம்பர் 14-ஆம் நாள், மலேசியா பிறப்பதற்கு இரண்டே நாள் இருக்கையில், அதனை ஏற்க மறுத்தார். புதிய மாநிலங்களைச் சேர்த்துக் கொள்ள நாடாளுமன்றத்திற்கு அதிகாரம் உண்டு. அதற்கு ஒவ்வொரு மாநிலத்தையும் கேட்க வேண்டும் என்று அரசியலமைப்பு சொல்லவில்லை என்பது அவர் கண்ட முடிவு. சட்ட முறையில் அது தெளிவான தீர்ப்பே.

அமெரிக்கர் வேறு வழியைக் கண்டனர். அங்கே அதிபர் செய்யும் உடன்படிக்கைக்கு மேலவையில் வாக்களிப்போரில் மூன்றில் இரு பங்கினர் இசைய வேண்டும். அதிபர் வில்சன் முன்னின்று உருவாக்கிய வெர்சேல்ஸ் உடன்படிக்கை 1919-லும் 1920-லும் அந்த எண்ணிக்கையைப் பெறாது தோற்றது. ஆதலின் பின் வந்த அதிபர்கள் பக்கத்துச் சந்து வழியாகப் போகக் கற்றனர். 1940-இல் ரூஸ்வெல்ட் ஐம்பது போர்க்கப்பல்களை ஆங்கிலேயருக்குக் கொடுத்துக் கடற்படைத் தளங்களைப் பெற்றுக் கொண்டது மேலவைக்கு அனுப்பாத நிருவாக உடன்பாட்டினால்தான். வாயிற்கதவை மிக இறுக்கிப் பூட்டினால் சன்னல் வழி பழக்கமாகிவிடும் போலும்! இங்கிலாந்தில் 1924 முதல் ஒரு வழக்கம் இருந்தது: ஏற்புறுதிக்கு உரிய உடன்படிக்கையை நாடாளுமன்றத்தின்முன் 21 அமர்வு நாள் வைத்திருத்தல். 2010-இல் அது சட்டமாயிற்று. மலேசியா இங்கிலாந்தின் பழைய மரபைப் பெற்றுக் கொண்டது. பிற்காலத்துச் சட்டத்தைப் பெற்றுக் கொள்ளவில்லை.

இனித் தண்ணீருக்கு வருவோமாக. 1927 டிசம்பர் 5-ஆம் நாள் சுல்தான் இப்ராகிமும் சிங்கப்பூர் நகராட்சி ஆணையரும் செய்த ஒப்பந்தமே முதலாவது. குனோங் பூலாய் மலைச்சாரலில் 2,100 ஏக்கர் நிலம், ஏக்கருக்கு ஆண்டொன்றுக்கு 30 காசு வாடகை, நீருக்கு விலையில்லை. 1942 ஜனவரி 31-ஆம் நாள் பின்வாங்கிய ஆங்கிலப் படை கடற்பாலத்தை வெடிவைத்துத் தகர்த்தபோது நீர்க்குழாயும் அறுந்தது. அக்கரையின் உயிர்நாடி எது என்று அன்று தெரிந்தது. பின்னர் 1961 செப்டம்பர் 1-ஆம் நாள் தெப்ராவ், ஸ்கூடாய் ஆறுகளுக்கான ஒப்பந்தமும், 1962 செப்டம்பர் 29-ஆம் நாள் ஜொகூர் ஆற்றுக்கான ஒப்பந்தமும் எழுதப்பெற்றன. முன்னது ஐம்பதாண்டுக்கு, பின்னது தொண்ணூற்றொன்பது ஆண்டுக்கு. நாளொன்றுக்கு 250 மில்லியன் கேலன் வரை சிங்கப்பூர் எடுத்துக் கொள்ளலாம். தூய்மையாக்கிய நீரில் ஒரு பங்கை ஜொகூர் ஆயிரம் கேலன் 50 காசுக்குத் திரும்ப வாங்கிக் கொள்ளலாம்.

இவ்விரு ஒப்பந்தங்களிலும் கையொப்பமிட்டவர் யார் என்பதே ஈண்டு நோக்கத்தக்கது. ஒரு பக்கம் ஜொகூர் மாநில அரசு. மறுபக்கம் சிங்கப்பூர் நகர மன்றம். ஒரு மாநிலமும் ஒரு நகராட்சியும்! தண்ணீர் அன்று முழுவதும் மாநிலப் பட்டியலுக்குரிய பொருள். சிங்கப்பூரோ இன்னும் ஆங்கில முடியின் கீழ்த் தன்னாட்சி பெற்ற ஒரு பகுதி. ஆகவே இவை நாடுகளுக்கிடையேயான உடன்படிக்கைகள் அல்ல. பெரிய அளவிலான நீர் விற்பனை ஒப்பந்தங்கள், அவ்வளவே. கோலாலம்பூர் அவற்றில் ஒரு தரப்பே அன்று.

1965 ஆகஸ்டு 7-ஆம் நாள் அந்த நிலை மாறியது. சிங்கப்பூரைப் பிரிப்பதற்கான உடன்படிக்கையில் அன்று மலேசியாவின் சார்பில் ஐவரும் சிங்கப்பூரின் சார்பில் பதின்மரும் கையொப்பமிட்டனர். துங்கு அப்துல் ரஹ்மான், துன் அப்துல் ரசாக், ஜொகூர் பாருவில் பிறந்த டாக்டர் இஸ்மாயில், டான் சியூ சின் ஆகியோரோடு ஐந்தாமவராகக் கையொப்பமிட்டவர் வீ. தி. சம்பந்தன். எதிர்ப்பக்கத்தில் லீ குவான் இயூ, கோ கெங் சுவீ முதலியோரின் பெயர்களுக்கிடையே எஸ். இராசரத்தினத்தின் பெயர் உள்ளது. யாழ்ப்பாணத்தில் பிறந்து சிரம்பானில் வளர்ந்த அவர், வளர்ந்த மண்ணிலிருந்து பிரியும் தாளில் மனம் இசையாமலே கையொப்பமிட்டார் என்பது அறிந்த செய்தி. இரு நாடுகளின் பிரிவினைத் தாளில் இரு புறமும் தமிழர் கையொப்பம் இருப்பதைத் தமிழ் மாணவர் பலர் அறியார்.

அத்தாளோடு ஒரு சட்ட வரைவும் இணைக்கப்பட்டிருந்தது. அதன் 14-ஆம் கூறு நீரைப் பற்றியது. 1961, 1962 ஒப்பந்தங்களின்படி சிங்கப்பூரின் பொதுப் பயனீட்டுக் கழகம் நடந்து கொள்ளும் என்பதற்குச் சிங்கப்பூர் அரசு உறுதி. ஜொகூர் அரசு நடந்து கொள்ளும் என்பதற்கு மலேசிய அரசு உறுதி. ஆகஸ்டு 9-ஆம் நாள் காலையில் மக்களவை கூடியது. அன்றே 126 வாக்குகள் ஆதரவாக விழ, எதிர்ப்பு வாக்கு ஒன்றும் இன்றி மசோதா நிறைவேறியது. உறுப்பினர்கள் படித்துப் பார்க்கக் கிடைத்த நேரம் சில மணிகளே. 1966-இல் அவ்வுடன்படிக்கை ஐக்கிய நாட்டு நிறுவனத்தில் பதிவாயிற்று. இவ்வாறாக, மந்திரி பெசார் அலுவலகத்தின் ஒரு வணிக ஒப்பந்தம், அதன் ஓர் எழுத்தும் மாறாமலே, நாடுகளைப் பிணிக்கும் வாக்காக உயர்ந்துவிட்டது. கொடுத்தது ஜொகூர், உறுதி சொன்னது கூட்டரசு. ஊரில் ஒருவர் கடன் வாங்க மற்றொருவர் பிணை நிற்பதில்லையா? பிணை நின்றவர் எத்துணைப் பெரியவராயினும், கடனின் நிபந்தனையைத் தாமாக மாற்ற முடியாது. பின்னாளில் விலை பற்றி எழுந்த பேச்சுகளை ஏன் கூட்டரசு நடத்தியது, மாநில அரசு நடத்தவில்லை என்பதற்கு விடை அந்த 14-ஆம் கூற்றில் இருக்கிறது.

விலையைப் பற்றிய விதியில் இலக்கண ஆசிரியர்க்கும் வேலையுண்டு. இருபத்தைந்து ஆண்டு கழிந்த பின் விலை மறு ஆய்வுக்கு உரியது என்பது வாசகம். ‘கழிந்த பின்’ என்பது கழிந்தவுடன் என்று பொருள்படுமா, கழிந்த பின் எப்போது வேண்டுமானாலும் என்று பொருள்படுமா? 1987-இல் மலேசியா கேட்கவில்லை. ஆதலால் உரிமை போயிற்று என்பது சிங்கப்பூரின் நிலை. உரிமை போகவில்லை, எந்நாளும் கேட்கலாம் என்பது மலேசியாவின் நிலை. பல பிரதமர்கள் மாறியும் அந்த ஒரு சொல்லின் பொருள் இன்னும் முடிவாகவில்லை. தூய்மையாக்கும் செலவு 50 காசினும் மிகுதி என்று ஒரு தரப்பும், மூன்று காசு என்பது நகைப்பிற்கிடம் என்று மறு தரப்பும் கூறுவதில் இரண்டிலும் உண்மை உண்டு. அறுபதாண்டுக்கு முந்திய விலையை எந்தப் பொருளுக்கும் நியாயமென்று சொல்ல எவராலும் இயலாது. ஆனால் எழுதிய சொல்லை ஒருவர் மட்டும் திருத்த முடியும் என்றால், வலிமை குன்றிய தரப்பு எதிலும் கையொப்பமிட அஞ்சும்.

1990-இல் லிங்கியூ அணைக்கு ஒப்பந்தம் எழுதியபோது, பழைய குறையை உணர்ந்தவர் போல் முறையாகவே நடந்து கொண்டனர். நவம்பர் 24-ஆம் நாள் ஜொகூர் அரசும் பொதுப் பயனீட்டுக் கழகமும் தமக்குள் ஒப்பந்தம் செய்தன. அதே நாளில் இரு நாட்டு அரசுகளும் அதற்கு உறுதி கூறித் தனியே ஓர் உடன்படிக்கை செய்தன. நில இழப்பிற்காக ஜொகூர் 320 மில்லியன் வெள்ளி ஈடு பெற்றது. 1961 ஒப்பந்தம் 2011 ஆகஸ்டு 31-ஆம் நாள் முடிந்தபோது குனோங் பூலாய், ஸ்கூடாய் நீர் நிலையங்களைச் சிங்கப்பூர் விலையின்றி ஜொகூரிடம் ஒப்படைத்தது. சச்சரவுகளே செய்தியாகும் உலகில் இந்த ஒப்படைப்பு அதிகம் பேசப்படவில்லை.

உடன்படிக்கை என்றால் முத்திரையும் பட்டுநாடாவும் கொண்ட தாள் என்றே மாணவர் எண்ணுகின்றனர். சில வரிக் கடிதமும் அவ்வளவு வலிமை பெறக்கூடும். 1953 ஜூன் 12-ஆம் நாள் சிங்கப்பூர்ச் செயலகத்திலிருந்து ஜொகூரின் ஆங்கில ஆலோசகர்க்கு ஒரு கடிதம் வந்தது. ஹார்ஸ்பரோ கலங்கரை விளக்கம் நிற்கும் பத்து புத்தே பாறையின் நிலை என்ன என்று அது கேட்டது. செப்டம்பர் 21-ஆம் நாள் மாநிலத்தின் தற்காலிகச் செயலாளர் விடை எழுதினார்: அப்பாறையின் உடைமையை ஜொகூர் அரசு கோரவில்லை. அரை நூற்றாண்டுக்குப் பின் அனைத்துலக நீதிமன்றத்தில் அந்தக் கடிதம் மேசைமேல் வந்தது. அந்த அதிகாரிக்கு அவ்வாறு எழுத அதிகாரமே இல்லை. 1948-ஆம் ஆண்டு உடன்பாட்டின்படி ஜொகூரின் வெளியுறவு ஆங்கில அரசிடம் இருந்தது என்று மலேசியா வாதிட்டது. நீதிமன்றம் ஏற்கவில்லை. கேட்டதே ஆங்கில அரசின் அலுவலர்தாம். அன்று அவ்வரசு ஜொகூருக்கு அயல்நாடு அன்று. தகவல் கேட்டதற்கு விடை கூறுவது ஆட்சி அதிகாரத்தைச் செலுத்துவதும் ஆகாது என்றது. அக்கடிதத்தோடு பின்னாளைய நடத்தைகளையும் சேர்த்து நோக்கி, 2008 மே 23-ஆம் நாள் பன்னிருவர்க்கு நால்வர் என்னும் பெரும்பான்மையில் பாறை சிங்கப்பூருக்கு உரியதென்று தீர்ப்பாயிற்று. நடுப்பாறைகள் மலேசியாவிற்குக் கிடைத்தன. ஜொகூர்க் கரையிலிருந்து ஏறத்தாழ எட்டுக் கடல் மைல் தொலைவிலுள்ள நிலம் இவ்வாறு கைமாறியது. எவரையும் கலந்து கொண்டு எழுதிய கடிதமாக அது தோன்றவில்லை. எழுதியவர் தாம் ஓர் எல்லைக் கோட்டை வரைவதாக எண்ணியிருக்கவும் மாட்டார்.

கச்சத்தீவு பற்றி அறிந்த தமிழர்க்கு இதில் ஒரு பழைய வலி தெரியும். 1974 ஜூன் மாதத்தில் இந்தியாவும் இலங்கையும் செய்த உடன்பாட்டால் அத்தீவு இலங்கையின் பக்கம் சென்றது. மீன்பிடி உரிமையை முடித்து வைத்ததோ 1976 மார்ச் 23-ஆம் நாள் இரு நாட்டு வெளியுறவுச் செயலாளர்கள் பரிமாறிக் கொண்ட கடிதங்கள். பெருபாரி என்னும் ஊரைப் பாகிஸ்தானுக்குக் கொடுக்க நேரு 1958-இல் இசைந்தபோது, நிலத்தை விட்டுக் கொடுக்க அரசியலமைப்பையே திருத்த வேண்டும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் 1960-இல் கூறியது. அவ்வாறே ஒன்பதாம் திருத்தம் வந்தது. கச்சத்தீவிலோ, கொடுத்தது எதுவும் இல்லை, ஐயத்திற்கிடமான எல்லையைத் தெளிவு செய்ததே உண்டு என்று நடுவண் அரசு கூறித் திருத்தம் இன்றியே முடித்தது. தமிழகச் சட்டமன்றத்தின் எதிர்ப்புத் தீர்மானம் ஏட்டில் நின்றது. பெருபாரிக்குக் கிடைத்த முறை கச்சத்தீவிற்குக் கிடைக்காமை நேர்மையன்று.

நிலத்தையும் நீரையும் விட்டு மனிதரையே பங்கிட்ட உடன்படிக்கையும் உண்டு. 1964 அக்டோபர் 30-ஆம் நாள் லால் பகதூர் சாஸ்திரியும் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் கையொப்பமிட்டனர். இலங்கை மலையகத் தோட்டங்களில் நாடற்றோராய் இருந்த 9,75,000 தமிழரில் 5,25,000 பேர் இந்தியாவிற்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று கணக்கிட்டனர். எஞ்சிய 1,50,000 பேர் பிறகு பார்த்துக் கொள்வதற்காக ஒதுக்கி வைக்கப்பெற்று, 1974-இல் பாதிப் பாதியாகப் பிரிக்கப்பட்டனர். அந்த மக்களின் தலைவர் தொண்டமானின் இசைவு அதற்கு இருந்ததில்லை. முறைப்படி பார்த்தால் குறை சொல்ல இடமில்லை: இரு பிரதமர்கள், இரு முழு அதிகாரங்கள், பின்னர் 1967-இல் இலங்கையில் அதனை நிறைவேற்றும் சட்டம். கூலாயிலும் கோத்தா திங்கியிலும் இரப்பர் மரம் சீவிய தமிழர் அச்செய்தியை நாளிதழில் படித்தபோது, அதே கப்பல்களில் வேறு துறைமுகத்திற்கு ஏறியிருந்தால் தம் கதி என்னவாகியிருக்கும் என்று எண்ணாதிருந்திருப்பரா?

மலேசிய நாடாளுமன்றம் கேட்கப்பட்ட நிகழ்ச்சியும் இல்லாமல் இல்லை. பசிபிக் வட்டாரப் பங்காளித்துவ வணிக உடன்படிக்கையில் சேர்வது பற்றி 2016 ஜனவரியில் தனி அமர்வு கூட்டப்பெற்று, மக்களவையில் 127 பேர் ஆதரித்தும் 84 பேர் எதிர்த்தும் வாக்களித்தனர். அரசியலமைப்பு கட்டளையிட்டதால் அன்று. அமைச்சரவை தானாகக் கேட்டது. அதற்கு நேர்மாறானது 2019-இல் நடந்தது. அனைத்துலகக் குற்றவியல் நீதிமன்றத்திற்கான ரோம் சாசனத்தில் மலேசியா சேர்வதாக மார்ச் 4-ஆம் நாள் ஆவணம் அளித்தது. மலாய் ஆட்சியாளர்களின் நிலை இதனால் பாதிக்கப்படுமோ என்னும் கருத்து வேற்றுமை வலுத்தது. ஜொகூரிலிருந்தும் எதிர்ப்புக் குரல் எழுந்தது. ஏப்ரல் மாதத்திலேயே ஆவணம் திரும்பப் பெறப்பட்டது. அமைச்சரவைக்கு அதிகாரம் இல்லை என்று எந்த நீதிமன்றமும் கூறவில்லை. 1946-இல் போலவே, அதிகாரம் இருந்தது, ஒப்புதல் இருக்கவில்லை.

2025 ஜனவரியில் ஜொகூர்-சிங்கப்பூர் சிறப்புப் பொருளாதார மண்டலத்திற்கான உடன்பாடு புத்ராஜெயாவில் பரிமாறப்பெற்றது. அதில் மலேசியாவின் சார்பில் கையொப்பமிட்டவர் கூட்டரசின் பொருளாதார அமைச்சர். வரிச்சலுகை கூட்டரசுக்குரியது, குடிநுழைவும் கூட்டரசுக்குரியது. அம்மண்டலம் அமையும் நிலமோ மாநிலப் பட்டியலுக்குரியது, ஆறுகளும் அவ்வாறே. குடிநீர் வழங்குதல் மட்டும் 2005-ஆம் ஆண்டுத் திருத்தத்தால் பொதுப் பட்டியலுக்குச் சென்றுள்ளது. ஒரே உடன்பாட்டை நிறைவேற்ற இரண்டு அரசுகளின் கோப்புகள் நகர வேண்டும். ஒரு தொழிற்சாலைக்கு நிலத்தின் பயன் வகையை மாற்றித் தர வேண்டுமாயின், அந்தக் கோப்பு இன்றும் ஜொகூர் மாநில ஆட்சிக்குழுவின் மேசைக்கே செல்கின்றது.